தின்று தீர்த்த தீவு

(படிப்பக ஆண்டு விழாவில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



உலகம் கெட்டுவருகிறது என்று பேசாத நாளில்லை, பேசாத மேடையுமில்லை. காடு அழிகிறது, கடல் பொங்குகிறது, காற்று கெடுகிறது, கதிரவன் சுடுகிறான் என்று பட்டியல் படிக்கிறார்கள். படித்து முடித்துப் பெருமூச்சு ஒன்றை விட்டு, "மனிதன் பேராசைக்காரன், அதனால் வந்த வினை இது" என்று கூறி அமர்ந்துவிடுகிறார்கள்.

மனிதன்! எந்த மனிதன்? எடுத்தவனா, இழந்தவனா? வெட்டியவனா, வெட்டுண்ட நிலத்திலே வெறுங்கையோடு நிற்பவனா? குற்றவாளிக் கூண்டிலே மனித குலம் முழுவதையும் ஏற்றிவிட்டால், உண்மைக் குற்றவாளிக்கு அதைவிட வசதியான ஒளிவிடம் வேறு ஏது? கூட்டத்தோடு கூட்டமாக அவனும் தலைகவிழ்ந்து நின்று, "ஆம், நாமெல்லோரும் பாவிகள்" என்று கூறிவிட்டு, வீடு சென்று, விருந்துண்டு, விழிமூடி உறங்குவான்!

வழக்கு நடத்தத் தெரிந்தவர், ஊரையே சாட்சிக்கு அழைப்பதில்லை. உண்மையை உடம்பிலே தழும்பாகத் தாங்கிய ஒரே ஒரு சாட்சியை அழைத்துவந்து நிறுத்துவார். நானும் இன்று அவ்விதமே ஒரு சாட்சியை உங்கள் முன் நிறுத்துகிறேன். அந்தச் சாட்சி ஒரு தீவு. அதன் பெயர் நவூரு.

பசிபிக் பெருங்கடலிலே, நிலநடுக்கோட்டுக்குச் சற்றுத் தெற்கே, கடலன்னை நெற்றியிலே வைத்த பொட்டுப் போன்றதொரு தீவு. பரப்பு 21 சதுரக் கிலோமீட்டர். காலையிலே கரையோரமாக நடக்கத் தொடங்கினால், பொழுது சாய்வதற்குள் புறப்பட்ட இடத்திற்கே வந்து நிற்கலாம். மக்கள் தொகை சுமார் 12,000. நமது பேரூராட்சி ஒன்றின் அளவு! எனினும் அது தனி நாடு. தனிக் கொடி உண்டு. ஐக்கிய நாடுகள் சபையிலே ஆசனமும் உண்டு.

1798 ஆம் ஆண்டு, அந்தப் பக்கமாகக் கப்பலில் சென்ற ஜான் ஃபியர்ன் எனும் ஆங்கிலேயன், அதன் பசுமையைக் கண்டு, "இன்பத் தீவு" என்று பெயரிட்டான். தென்னை இருந்தது, தாழை இனத்து மரங்கள் இருந்தன, நடுவிலே பூவாடா என்றோர் ஏரி இருந்தது. கடலிலே பால்கெண்டைக் குஞ்சுகளைப் பிடித்து, அவற்றை நன்னீருக்குப் பழக்கி, அந்த ஏரியிலே வளர்த்து உண்டனர் அம் மக்கள். பன்னிரண்டு குலங்கள், கொடியிலுள்ள விண்மீனுக்கு இன்றும் பன்னிரண்டு முனைகள். பிறர் நாட்டைப் பிடிக்கவில்லை. பிறர் பொருளைப் பறிக்கவில்லை. உலகம் அவர்களை மறந்திருந்தது; மறந்திருந்த வரையிலே அவர்கள் வாழ்ந்திருந்தனர்!

வந்தது துப்பாக்கி; வந்தது மது; குலங்களுக்குள்ளே பத்தாண்டுக் காலப் போர் மூண்டது. அமைதி காக்க வந்தோம் என்று 1888 இல் ஜெர்மனி தன் கொடியை நாட்டியது. நாட்டிய கையோடு தேங்காய்க் கொப்பரை வாணிபம் நடந்தது. அதோடு நின்றிருந்தால் தீவு பிழைத்திருக்கும். நிற்கவில்லை. காரணம், ஒரு கல்!

ஆஸ்திரேலியாவின் சிட்னி நகரிலே ஒரு கம்பெனி அலுவலகம். அங்கே கதவு அடித்துக்கொள்ளாதிருக்க அண்டைக்கொடுத்து வைத்திருந்த ஒரு கல். நவூருவிலிருந்து எவரோ கொண்டுவந்தது. கல்மரம் என்று எண்ணிக் காலடியிலே கிடத்தியிருந்தனர். 1899 ஆம் ஆண்டு, ஆல்பர்ட் எல்லிஸ் என்னும் அலுவலர் அதைச் சோதித்தார். கல்மரமல்ல அது, பாஸ்பேட்! முதல் தரமான பாஸ்பேட்!

பாஸ்பேட் என்றால் என்ன? பயிருக்கு உணவு, தோழர்களே. கடற்பறவைகளின் எச்சமும் கடலுயிர்களின் எச்சமும் எண்ணற்ற ஆண்டுகள் படிந்து, இறுகி, மண்ணாகிக் கிடந்த செல்வம். ஆஸ்திரேலியாவிலும் நியூசிலாந்திலும் பரந்த நிலம் உண்டு. அந் நிலத்திலே இந்தச் சத்துக் குறைவு. பாஸ்பேட்டைக் கந்தக அமிலத்திலே கரைத்து உரமாக்கித் தூவினால், பாலையும் பசும்புல் தரும். புல் தின்று ஆடு கொழுக்கும். ஆட்டின் இறைச்சியும் உரோமமும் கப்பலேறி இங்கிலாந்து போகும். ஒரு தீவின் மண், ஒரு கண்டத்தின் புல்லாக வேண்டும். அந்தப் புல், வேறொரு சீமையின் விருந்தாக வேண்டும். இதுதான் திட்டம்.

1907 இல் முதல் கப்பல் புறப்பட்டது. நில உரிமையாளருக்குக் கம்பெனி தொடக்கத்திலே கொடுத்தது எவ்வளவு தெரியுமா? டன் ஒன்றுக்கு அரைப் பென்னி! ஒரு டன் மண், பல்லாயிரம் ஆண்டுகள் விளைந்த மண், மீண்டும் விளையாத மண், அதற்கு அரைப் பென்னி!

நாடகம் எழுதுபவன் நான். இந்தக் காட்சியை மேடையேற்றுவதானால் இப்படித்தான் எழுதுவேன். உரையாடல் என் கற்பனை. அரைப் பென்னி மட்டும் கற்பனையல்ல.

கம்பெனியார்: உன் நிலத்து மண்ணை அள்ளிக்கொள்கிறோம். டன்னுக்கு அரைப் பென்னி.

தீவுக்காரர்: அள்ளிய பிறகு என் நிலம்?

கம்பெனியார்: நிலம் உன்னுடையதேதான்! நாங்கள் நியாயஸ்தர்கள். உன் நிலத்தை ஒருக்காலும் எடுத்துக்கொள்ள மாட்டோம்.

தீவுக்காரர்: மண் போன பிறகு நிலம் எங்கே இருக்கும், ஐயா?

கம்பெனியார்: வரைபடத்தில் இருக்கும்!

சிரிக்கிறீர்கள். அந்தத் தீவின் நடுமேட்டைப் பார்த்தால் சிரிப்பு வராது. அங்கே பாஸ்பேட், பவளப்பாறைத் தூண்களின் இடையிடையே நிரம்பிக் கிடந்தது. மண்ணை அள்ளிவிட்டனர், தூண்கள் மட்டும் நிற்கின்றன. ஈறு கரைந்து பற்கள் மட்டும் நீட்டிக்கொண்டிருக்கும் வாயைக் கண்டதுண்டா? அதுதான் இன்றைய நவூருவின் நடுப்பகுதி. ஆளுயரத்தைப் போல் பன்மடங்கு உயர்ந்து, வெளுத்து, கூர்மையாக நிற்கும் கற்கள். விதைக்க இடமில்லை, வீடு கட்ட இடமில்லை, காலூன்றவும் இடமில்லை.

முதல் உலகப் போர் வந்தது. 1914 இல் ஆஸ்திரேலியப் படை தீவைக் கைப்பற்றியது. போர் முடிந்ததும், பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து எனும் மூன்று அரசுகளும் 1919 இல் கூடி ஒப்பந்தம் செய்துகொண்டன. தீவின் பாஸ்பேட்டிலே பிரிட்டனுக்கு 42 பங்கு, ஆஸ்திரேலியாவுக்கு 42 பங்கு, நியூசிலாந்துக்கு 16 பங்கு. கூட்டிப் பாருங்கள். நூறு! கணக்கு சரியாக இருக்கிறது. நவூரு மக்களுக்குத்தான் அதில் இடமில்லை.

இதற்கு ஊரறிய ஒரு பெயர் வேண்டுமே? சர்வதேச சங்கம் அந்தப் பெயரைத் தந்தது. காப்பாளர் பொறுப்பு, அதுவும் புனிதமான பொறுப்பு! பிள்ளை பக்குவமடையும் வரையிலே சொத்தைக் காக்கும் பொறுப்பு. பக்குவம் வந்த பிள்ளை கேட்கும்போது சொத்து இருக்க வேண்டுமே என்ற கவலை மட்டும் காப்பாளருக்கு இல்லை. உலகச் சந்தை விலையைவிடக் குறைந்த விலைக்கு அந்த மூன்று நாட்டு உழவர்களுக்கும் பாஸ்பேட் சென்றது. கம்பெனி இலாபம் எங்கே என்று கேட்டால் ஏட்டிலே இராது. மலிவு விலைக்குள்ளே மறைந்திருக்கும். பொருள் மலிவாகக் கிடைக்கிறதென்றால், தோழர்களே, எவரோ ஒருவர் அதற்கான மீதி விலையைக் கண்ணீராகக் கட்டிக்கொண்டிருக்கிறார் என்று பொருள்!

இரண்டாம் உலகப் போரிலே ஜப்பானியர் வந்தனர். 1,200 நவூரு மக்களைத் துரூக் தீவுகளுக்கு அடிமை வேலைக்கு அனுப்பினர். 1946 ஜனவரியிலே தாய்மண் திரும்பியவர்கள் 737 பேர். அண்டைத் தீவான பனாபாவின் கதை இன்னும் கொடிது. அங்கும் பாஸ்பேட், அங்கும் அதே மூவர். போர் முடிந்த 1945 இல், அந்தத் தீவு மக்களைக் கப்பலேற்றி, வெகு தொலைவிலே ஃபிஜி நாட்டு ராபித் தீவிலே இறக்கிவிட்டனர். பனாபாவைத் தோண்டும் வேலை 1979 வரை நடந்தது.

நவூருவுக்கும் அதே யோசனை கூறப்பட்டது. "உங்கள் தீவு தீர்ந்துவிடும், ஆஸ்திரேலியக் கரையோரத்திலே கர்ட்டிஸ் தீவு இருக்கிறது, அங்கே குடியேறுங்கள்" என்றனர். வீடு தருவோம், வேலை தருவோம், ஆஸ்திரேலியக் குடியுரிமையும் தருவோம் என்றனர். ஆனால் தன்னாட்சி தரமாட்டோம் என்றனர். 1964 இல் அந்தச் சின்னஞ்சிறு மக்கள் கூட்டம் அதை மறுத்துவிட்டது! பள்ளம் விழுந்த மண்ணாயினும் அது எங்கள் மண் என்று நின்றது. தேய்ந்துபோன தாயைத் தெருவிலே விட்டுவிட்டு, தேக நலம் மிக்க மாற்றாளைத் தாயென்று அழைக்கச் சம்மதிக்காத மக்கள் அவர்கள்!

ஹாம்மர் டிராபர்ட் தலைமையிலே பேசினர், வாதாடினர், 1968 ஜனவரி 31 அன்று சுதந்திரம் பெற்றனர். துரூக்கிலிருந்து உயிர் தப்பியோர் திரும்பிய அதே நாள்! தம் பாஸ்பேட்டையும் விலை கொடுத்தே மீட்டனர். தம் மண்ணைத் தாமே விலைக்கு வாங்கிய விந்தை!

இதோடு கதையை முடித்தால் கைதட்டல் கிடைக்கும். ஆனால் கசப்பை மறைத்து இனிப்பை மட்டும் தருவது, நோயாளியைக் கொல்லும் வைத்தியம். ஆகவே மீதியையும் கூறுகிறேன்.

சுதந்திரத்திற்கு முன்பு மூன்றிலொரு பங்கு தீவுதான் தோண்டப்பட்டிருந்தது. இன்று தோண்டப்பட்டிருப்பது ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கு! அதாவது, அந்நியன் போன பிறகும் மண்வெட்டி ஓயவில்லை. கை மாறியது, கணக்கு மாறவில்லை. பணம் கொட்டியது. 1970களிலே, தலைக்கு வருமானம் எனும் கணக்கிலே உலகின் முன்னணி நாடுகளிலே ஒன்று நவூரு. மெல்போர்ன் நகரிலே 52 மாடிக் கட்டிடம் எழுப்பினர்; சொந்த விமானங்கள் பறந்தன. 1993 இல் லண்டன் மாநகரிலே, ஓவியர் லியோனார்டோவின் காதல் பற்றிய இசை நாடகமொன்றுக்கு அந்தத் தீவின் பணம் முதலாகப் போடப்பட்டது. சில வாரங்களிலேயே திரை விழுந்தது! நாடகக்காரன் என்ற முறையிலே எனக்கு அதிலே வேதனை இரட்டிப்பு. பசிபிக் தீவின் பாறை மண், லண்டன் மேடையிலே ஒப்பனைப் பொடியாகக் கரைந்துபோயிற்று! 2004 இல் அந்த 52 மாடிக் கட்டிடமும் கைவிட்டுப் போயிற்று.

மண் போனதால் பயிர் போயிற்று. பயிர் போனதால் கப்பலிலே வரும் தகர டப்பா உணவே கதி. நீரிழிவு நோய் மிகுந்த நாடுகளின் வரிசையிலே நவூரு முன்னே நிற்கிறது. வருவாய் வறண்டதும், ஆஸ்திரேலியா தன் கரைக்கு வரும் அகதிகளை அடைத்துவைக்க 2001 இல் இடம் கேட்டது. பணத்துக்காக இடம் தரப்பட்டது. 2021 இல், ஆழ்கடலடியிலே கனிமம் தோண்டும் கம்பெனிக்குத் துணைநின்று, விதிகளை விரைந்து வகுக்குமாறு சர்வதேச அமைப்பை வற்புறுத்தியதும் அதே நவூருதான். தோண்டப்பட்டு அழிந்த தீவு, கடலைத் தோண்டத் துணைபோகிறது! பழிக்கிறேன் என்று எண்ணாதீர்கள். பட்டினி போட்டவன், பசித்தவனின் ஒழுக்கத்தைப் பற்றிப் பிரசங்கம் செய்வதா? ஆனால் பாடம் இதிலே இருக்கிறது.

அந்தப் பாடம் என்ன? ஆள்பவன் மாறினால் மட்டும் போதாது; அவன் கையிலுள்ள கணக்கேடும் மாறவேண்டும்! அந்நியன் எழுதிய ஏட்டிலே, அள்ளிய டன் வரவு. கொடுத்த அரைப் பென்னி செலவு. அழிந்த நிலம் எந்தப் பக்கத்திலும் இல்லை. அந்த ஏட்டை அப்படியே வாங்கி, பெயரை மட்டும் மாற்றி எழுதினால், நம்மவன் ஆண்டாலும் நிலம் மிஞ்சாது. தன்னாட்சி என்பது கருவூலத்தின் சாவி மட்டுமல்ல. காலடி மண்ணைக் காக்கும் பொறுப்பும்கூட.

அழிந்த நிலத்தையும் கணக்கிலே எழுதச் செய்யும் முயற்சி நடந்ததா? நடந்தது! இலங்கையின் சட்டமேதை கிறிஸ்டோபர் வீரமந்திரி தலைமையிலே நவூரு அரசு ஒரு விசாரணைக் குழுவை அமைத்தது. பாழான நிலத்தைச் சீர்செய்யும் பொறுப்பு யாருடையது என்று ஆராய்ந்தது. 1989 இல், ஹேக் நகரத்துச் சர்வதேச நீதிமன்றத்திலே, 21 சதுரக் கிலோமீட்டர் தீவு, ஒரு கண்டத்தின் மீது வழக்குத் தொடுத்தது! இந்த வழக்கை விசாரிக்கவே கூடாது என்று வாதாடியது ஆஸ்திரேலியா. விசாரிக்கலாம் என்றது நீதிமன்றம் 1992 இல். அடுத்த ஆண்டே ஆஸ்திரேலியா உடன்பாட்டுக்கு வந்தது; 107 மில்லியன் ஆஸ்திரேலிய டாலர் தருவதாக ஒப்புக்கொண்டது. இழந்ததற்கு ஈடல்ல அது. ஆயினும் எழுதப்படாத செலவு, முதல் தடவையாக ஏட்டிலே ஏறியது!

தீவின் கதை இது. இதற்கும் உலகத்தின் கேட்டுக்கும் என்ன தொடர்பு என்று கேட்பீர்கள். வானத்தைப் பாருங்கள். 1958 இல் ஹவாய்த் தீவின் மவுனா லோவா மலையிலே, காற்றிலுள்ள கரியமில வாயுவை அளக்கத் தொடங்கினர். அன்று பத்து லட்சம் பங்கு காற்றிலே சுமார் 315 பங்கு. 2024 இலே 420 பங்கையும் தாண்டிவிட்டது. நிலக்கரியையும் எண்ணெயையும் எரித்து எரித்து, புகைப்போக்கி வழியாக அனுப்பிய செலவு அது. அளந்து பார்த்த ஆண்டுகளிலே வெப்பம் மிகுந்த ஆண்டு 2024. தொழிற்புரட்சிக்கு முற்பட்ட நிலையைவிட ஏறத்தாழ ஒன்றரை டிகிரி அதிகம். பனி உருகுகிறது, வெந்த நீர் விரிகிறது, கடல் மட்டம் உயருகிறது. ஆலை முதலாளியின் ஏட்டிலே நிலக்கரியின் விலை உண்டு, கூலி உண்டு, வட்டி உண்டு. வானம் கெட்டதற்குச் செலவு எழுத ஒரு வரிகூட இல்லை. நவூருவின் அரைப் பென்னிக் கணக்கு, உலகக் கணக்காகிவிட்டது!

அந்தக் கணக்கு மீண்டும் எங்கே வந்து நிற்கிறது, பாருங்கள். நவூரு மக்கள் இன்று வாழ்வது, தோண்டப்பட்ட மேட்டைச் சுற்றியுள்ள குறுகிய கரையோர வளையத்திலே. நடுப்பகுதியைக் கம்பெனி தின்றது. ஓரப்பகுதியைக் கடல் தின்ன வருகிறது! முன்னது உரத்துக்காக, பின்னது பிறர் எரித்த நெருப்புக்காக. மேட்டைச் சீர்செய்து அங்கே மக்களைக் குடியேற்றத் திட்டமிட்டிருக்கிறார்கள். பணத்துக்கு? 2025 இல், 1,05,000 அமெரிக்க டாலரிலிருந்து தொடங்கும் விலைக்குத் தம் குடியுரிமையையே அயல்நாட்டாருக்கு விற்க முன்வந்தனர். மண்ணை விற்ற நாடு, மண்ணை மீட்க, மக்கள் எனும் பெயரையும் விற்கவேண்டிய நிலை!

கடல் ஒன்றுதான், தோழர்களே. நவூருவின் கரையை நனைக்கும் கடல் உயர்ந்தால், பழவேற்காட்டிலிருந்து குமரிமுனை வரை நம் மீனவர் குடிசைகளை நனைக்கும் கடல் மட்டும் உயராது நிற்குமா?

எளியோரால் என்ன ஆகும் என்று ஏங்காதீர்கள். கல்லூரிப் படிப்பைப் பாதியிலே விட்டவன் நான். கல்லூரி மாணவர் சிலர் செய்த காரியத்தைக் கூறுவதிலே பெருமைப்படுகிறேன். 2019 இல், பசிபிக் தீவுகளின் சட்ட மாணவர்கள் 27 பேர், வானத்தைக் கெடுக்கும் நாடுகளுக்குச் சட்டப்படி என்ன பொறுப்பு என்பதை உலக நீதிமன்றம் கூறவேண்டும் என்று கிளம்பினர். வனுவாட்டு எனும் சிறு நாடு அவர்களுக்காகக் குரல் கொடுத்தது. 2023 மார்ச்சிலே ஐக்கிய நாடுகள் சபை எதிர்ப்பின்றி அந்தக் கேள்வியை ஏற்றது. 2025 ஜூலை 23 அன்று, நவூரு படியேறிய அதே ஹேக் நீதிமன்றம், நீதிபதிகள் அனைவரும் ஒருமித்துக் கருத்துரைத்தனர்: காலநிலையைக் காப்பது நாடுகளின் சட்டக் கடமை, தவறினால் அது சர்வதேசச் சட்ட மீறலாகும், ஈடுசெய்யும் பொறுப்பும் எழலாம். கட்டளைத் தீர்ப்பல்ல அது, ஆலோசனைக் கருத்துத்தான். ஆயினும், இருபத்தேழு மாணவர் தட்டிய கதவு, வல்லரசுகளின் வாயிலிலே ஓசை எழுப்பியிருக்கிறது!

ஆகவே, படிப்பகத்திலே கூடும் என் தம்பிமார்களுக்கு ஒரு வேலை தந்துவிட்டு அமர்கிறேன். மலையை உடைக்க, மணலை அள்ளத் திட்டமென்று எவர் வந்தாலும், அவர் அந்நியரானாலும், நம்மவரே ஆனாலும், மூன்று கேள்விகளைக் கேளுங்கள். எடுப்பவன் யார்? எடுத்த இடத்திலே இருக்கப்போகிறவன் யார்? எடுத்ததை மீட்கும் செலவு எவன் கணக்கிலே எழுதப்பட்டிருக்கிறது? முதற்கேள்விக்கும் இரண்டாவதற்கும் விடை வெவ்வேறு ஆளாக இருந்தால், மூன்றாவதற்கு விடை வரும்வரையிலே வழி விடாதீர்கள். வளர்ச்சிக்கு விரோதிகள் என்பார்கள். நவூருவின் படத்தைக் காட்டுங்கள்!

நவூரு மக்களுக்கு, வேண்டாமென்று மறுப்பதற்காவது ஒரு கர்ட்டிஸ் தீவு இருந்தது. இந்தப் பூமி தீர்ந்துபோனால், குடியேற அழைக்க எவருமில்லை, மறுக்கவும் வழியில்லை. இருப்பது இது ஒன்றே. இதன் கணக்கை நாமே எழுதுவோம், நேர்மையாக எழுதுவோம், இன்றே எழுதத் தொடங்குவோம்!